தலைக்கட்டு வரி

மார்ச் 18, 2025
மாரியம்மனுக்குப் பூச்சாட்டு. அப்பா தவறியதிலிருந்து அன்னூர்ப் பக்கத்து இந்தத் தோட்டத்துச் சாளையில்தான் இருக்கிறேன். வரிக்காரர்கள் பக்கத்துத் தோட்டம் வரை வந்தார்கள். எங்கள் தடத்தில் திரும்பவில்லை. காப்பி போட்டு வைத்திருந்தேன்.

மார்ச் 19
மளிகைக் கடையில் வெளியூர்ப் பெரியவர் ஒருவர், "ஏனுங் அம்முணி, எந்தக் கூட்டமுங்?" என்றார்.

"காடை கூட்டமுங்க."

முகம் மலர்ந்தது. "அப்பிச்சி ஊரு?"

"பதுளைங்க. சிலோன்."

அதற்குமேல் அவர் பேசவில்லை.

1964 சிறிமாவோ–சாஸ்திரி ஒப்பந்தம் 5,25,000 பேரை இந்தியாவுக்கு என்று ஒதுக்கியது. அதில் அம்மாயி குடும்பமும் உண்டு. கோத்தகிரியில் தேயிலை கிள்ளிப் பிழைத்தார்கள். கூட்டம் அப்பன் வழி வருவது. அந்தக் கணக்கில் நான் இந்த ஊர்க்காரி. ஆனால் அருமைக்காரர் சீர் செய்துவைத்த கல்யாணம் இல்லையே, செல்லாது என்கிறார்களாம். அத்தைதான் சொன்னார். அம்மாவின் சாதியை இங்கே யாரும் கேட்டதில்லை. தெரிந்துவைத்திருக்கிறார்கள்.

மார்ச் 23
பெருமாள்முருகனின் ‘பூக்குழி’யை எடுத்தேன். 2013-இல் வந்தது, சாதி மாறி மணந்து அந்த ஆண்டே இறந்துபோன தர்மபுரி இளவரசனுக்குச் சமர்ப்பணம். சாளையில் தனியாக இருந்து படிக்க முடியவில்லை. மூடிவிட்டேன்.

மார்ச் 26
கம்பம் நட்டாயிற்று. விடியுமுன் தண்ணீர் ஊற்றப் போனேன். ஈரச்சேலையோடு நின்ற பெண்கள் விலகி வழிவிட்டார்கள். ஒரு ஆத்தா என் குடத்துக்குள் எட்டிப் பார்த்தார். "வேப்பந்தழ இல்லாம ஊத்தறதா?" தன் குடத்திலிருந்து ஒரு கொத்தை எடுத்து என் மஞ்சள் தண்ணீரில் போட்டார். விரல் நுனியெல்லாம் மஞ்சள். இன்றைக்கு எல்லோரையும் பிடித்திருக்கிறது.

மார்ச் 27
அதே ஆத்தா கடைவீதியில் பார்க்காத மாதிரி போனார்.

மார்ச் 30
குளத்துக்கு நடந்தேன். அத்திக்கடவு–அவினாசித் திட்டத்தின் 1,045 நீர்நிலைகளில் இதுவும் ஒன்று. காளிங்கராயன் அணைக்கட்டுக்குக் கீழே பவானியில் மிஞ்சி ஓடும் தண்ணீரை மேட்டுக்கு ஏற்றிக் கொண்டுவருகிறார்கள். "தண்ணி வந்தா ஊருக்கே போயர்லாம்" என்று மில் வேலையில் இருந்த காலமெல்லாம் சொன்னவர் அப்பா. 2024 ஆகஸ்ட் 17-இல் திட்டம் தொடங்கியது. ஒரு நாள் வந்து பார்த்தார். கரையோடு திரும்பிவிட்டார், ஊருக்குள் போகவில்லை. ஏன் என்று அன்று நான் கேட்கவில்லை.

ஏப்ரல் 1
வரியை நானே கோயிலுக்குக் கொண்டுபோனேன். மறுக்காமல் வாங்கினார்கள். வரி நோட்டைத் திறக்கவில்லை. நன்கொடை ரசீது கிழித்தார்கள். பெயர் கேட்டபோது அப்பா பெயரைச் சொன்னேன். எழுதியவர் நிமிர்ந்து, "எட்டாவது வரைக்கும் என்ர கூடப் படிச்சவன்" என்றார். நோட்டு மூடியே இருந்தது.

ஏப்ரல் 4
அடுத்த வருசமும் நோட்டில்தான் எழுதச் சொல்வேன் என்றேன் அத்தையிடம். "கேளு கண்ணு" என்றார். பிறகு உழவுக்கு டிராக்டர் சொல்லியாச்சா என்றார்.