ஒரு குவார்ட்டருக்கு இருவர்

தமிழ்நாட்டில் மது எந்தச் சட்டத்தின்படி விற்கப்படுகிறது என்று கேட்டால் பலரும் சற்றே தயங்குவர். 1937ஆம் ஆண்டின் மதுவிலக்குச் சட்டத்தின்படிதான். விற்பனையை மேற்பார்வையிடும் துறையின் பெயரும் ‘மதுவிலக்கு மற்றும் ஆயத்தீர்வைத் துறை’ என்பதே. வாசகர்கள் நகைக்க வேண்டாம். சேலம் மாவட்டத்தில் இராஜாஜி தொடங்கிய மதுவிலக்கு, 1948இல் மாகாணம் முழுமைக்கும் விரிந்து, 1971இல் நிறுத்தி வைக்கப்பட்டு, பின்னர் வந்தும் போயுமாக இருந்த நெடுங்கதையில் சட்டத்தின் பெயர் மட்டும் மாறாது நின்றுவிட்டது. 1983இல் மொத்த வணிகத்திற்கென அரசு நிறுவிய வாணிபக் கழகம், அதாவது மக்கள் நாவில் வழங்கும் டாஸ்மாக், 2003 நவம்பர் 29 முதல் சில்லறைக் கடைகளையும் தானே ஏற்றது. 2003–04 நிதியாண்டில் மதுவினால் அரசுக்குக் கிடைத்த வரி வருவாய் 3,639 கோடி ரூபாய். 2024–25இல் அது 48 ஆயிரம் கோடியைத் தாண்டியது.

இத்தொகையைத் தந்தவர் யார்? 2019–21இல் நடந்த தேசியக் குடும்பநல ஆய்வு, தமிழ்நாட்டில் பதினைந்து வயதுக்கு மேற்பட்ட ஆண்களில் ஏறத்தாழ நால்வரில் ஒருவர் குடிப்பதாகக் கூறிற்று. பெண்களில் அவ்வழக்கம் உடையோர் மிகச் சிலரே. ஆக, ஊரே குடிக்கிறது என்று நாம் மறையுரையில் முழங்குவது சரியன்று. ஊரில் சிலர் குடிக்கின்றனர். அச்சிலர் மிகுதியாகக் குடிக்கின்றனர். வணிகம் நிற்பது அவர்கள் தோள்மீதுதான்.

மதுக்கொள்கையைப் பற்றி எழுதுவோர் பலர் உளர். அப்பணியை அவர்களுக்கே விட்டுவிடுவோம். கடைக்குச் செல்பவர் எப்படிக் குடிக்கிறார் என்பதே நம் எண்ணத்தை நெடுநாளாக ஆட்கொண்டுள்ளது. நம் பங்கில் ஒருவர் மதுக்கூடமொன்றில் ஆறு ஆண்டுகள் தட்டு ஏந்திப் பணிபுரிந்தார். இப்போது தள்ளுவண்டியில் காய்கறி விற்கிறார். அவரிடம் பலநாள் மாலையில் அமர்ந்து நாம் கேட்டறிந்த செய்திகள், மதுவைக் கண்டிக்கும் நூல்களில் நாம் படித்தவற்றைக் காட்டிலும் அதிகம்.

முதலாவது, வாங்குபவர் மதுவின் பெயரைச் சொல்வதில்லை; பணத்தின் அளவைச் சொல்கிறார். ‘ஆர்டினரியில் என்ன இருக்கிறது?’ என்பதே கேள்வி. 2024 பிப்ரவரி விலையேற்றத்திற்குப் பின் அவ்வகையில் 180 மில்லிலிட்டர் கொண்ட குவார்ட்டர் ஒன்று 140 ரூபாயாயிற்று. எது கொடுக்கப்படுகிறதோ அதைப் பெற்றுக்கொள்கிறார். பெரும்பாலும் அது பிராந்தியாக இருக்கும். பிராந்தி உடம்புக்குச் சூடு தரும், சளியை அறுக்கும் என்ற நம்பிக்கை தென்னாட்டில் ஆழ வேரூன்றியது. ஐரோப்பாவில் பிராந்தி என்பது திராட்சை இரசத்தை வடித்தெடுப்பது. இங்கோ அது பெரும்பாலும் சர்க்கரை ஆலையின் கழிவுப்பாகிலிருந்து வடித்த எரிசாராயம், நிறமும் மணமும் கூட்டப்பட்டது. திருப்பலிக்குரிய இரசம் திராட்சைக் கனியின் இயல்பான இரசமாயிருக்க வேண்டும், கெட்டுப்போனதாய் இருத்தலாகாது என்று திருச்சபைச் சட்டம் 924 வகுத்துள்ளதைக் குருமடத்தில் மனனம் செய்த நமக்கு, ‘என்ன இருக்கிறதோ அதைக் கொடு’ என்ற அந்த வேண்டுகோள் வியப்பூட்டிற்று. ‘ருசி பார்த்துக் குடிக்கிறவங்க எங்க சாமி வர்றாங்க?’ என்றார் காய்கறிக்காரர்.

இரண்டாவது, வேகம். வாங்கியவர் கண்ணாடி நிற நெகிழித் தம்ளரில் (2019 சனவரி முதல் அது தடை செய்யப்பட்ட பொருள் என்பதை நினைவிற் கொள்க) மதுவை ஊற்றி, தண்ணீர் கலந்து, நின்ற நிலையிலேயே ஒரே மூச்சில் விழுங்குகிறார். விரல் நுனியால் ஊறுகாயைத் தொட்டு நாவில் வைக்கிறார். வாயைத் துடைக்கிறார். புறப்படுகிறார். எல்லாம் பத்து நிமிடத்தில் முடிந்துவிடும். மதுவின் வலிமையோ நூற்றுக்கு ஏறத்தாழ நாற்பத்து மூன்று பங்கு. வெறும் வயிற்றில் அது என்ன செய்யும் என்பதை மருத்துவர் சொல்ல வேண்டியதில்லை.

பனை வளர்ந்த நம் தென் மாவட்ட ஊர்களில் முந்தைய தலைமுறையினர் கள் குடித்த விதம் வேறு. புளித்த கள்ளின் வலிமை ஏறத்தாழ ஐந்து பங்கு. பனையடியில் அமர்ந்து, சுட்ட கருவாட்டோடு, ஊர்க்கதை பேசிக்கொண்டே பொழுது சாயும்வரை குடித்தனர். 1987 சனவரி முதல் நாளிலிருந்து கள்ளுக்குத் தடை. அக்காலத்தைப் பொற்காலமாக்க நமக்கு விருப்பமில்லை. கள்ளுக்கடையால் நிலமிழந்த குடும்பங்களின் பெயர்களை இன்றும் ஊரில் சொல்வார்கள். ஆயினும் அமர்ந்து குடித்தவன் நின்று குடிப்பவனாக மாறியது ஒரு பெரிய மாற்றம். அமர்வதற்கு நேரம் வேண்டும், பேசுவதற்கு ஆள் வேண்டும். நிற்பவனுக்கு இரண்டும் தேவையில்லை.

தேவையில்லை என்றா சொன்னோம்? இங்குதான் காய்கறிக்காரர் நம்மைத் திருத்தினார். கடைவாயிலில் ஒருவர் கையில் எழுபது ரூபாயுடன் நின்றுகொண்டிருப்பார். போவோர் வருவோரை ஏறிட்டுப் பார்ப்பார். ‘கட்டிங் போடலாமா?’ என்பார். முன்பின் அறியாத ஒருவர் தலையசைப்பார். இருவரும் பணம் சேர்த்து ஒரு குவார்ட்டர் வாங்கி, மதுக்கூடத்தின் மூலையில் இரு தம்ளர்களை அருகருகே வைத்து, கண்ணளவாக ஊற்றுவர். ஊற்றுகிறவர் முதலில் எடுக்கமாட்டார். மற்றவர் எடுத்த பின்பே தாம் எடுப்பார். அது அங்குள்ள எழுதாத சட்டம். ஊற்றும்போது ஒரு துளி கூடினால் சண்டை வரும் என்பதும் உண்மையே. ஆனால் ஊர் எது, தெரு எது, சாதி எது என்று எவரும் கேட்பதில்லை. கல்லறைத் தோட்டத்தில்கூடச் சாதிக்கொரு சுவர் எழுப்பிய ஊர்கள் உள்ள நம் நாட்டில் இது சாதாரணச் செய்தியன்று. குடித்து முடித்ததும் அவ்விருவரும் பெயரைக்கூடக் கேளாமல் பிரிந்துவிடுவர்.

இதைக் கேட்டபோது நம் நினைவுக்கு வந்தது கொரிந்து நகரத் திருச்சபை. பவுலடியார் முதல் திருமுகத்தின் 11ஆம் அதிகாரத்தில் அவர்களைக் கடிந்துகொண்டது எதற்காக? ஆண்டவரின் விருந்துக்குக் கூடியவர்களில் வசதி படைத்தோர் முந்திக்கொண்டு தங்கள் உணவை உண்டனர். வெறுங்கையராய் வந்தோர் பசித்திருக்க, வேறு சிலர் குடிவெறியில் இருந்தனர். அங்கே கண்டிக்கப்பட்ட பிழையுள் குடி ஒரு பாதி. மறுபாதி, ஒருவர் மற்றவருக்காகக் காத்திராமை. கடைவாயிலில் எழுபது ரூபாயுடன் நிற்பவர் காத்திருக்கிறார்! கொரிந்தியர் செய்யத் தவறியதை அவர் செய்கிறார். ஆனால் அவர் காத்திருப்பது மற்றவரின் பணத்திற்காக. இந்த முரணை எப்படி விளங்கிக்கொள்வது என்று நாம் பலநாள் எண்ணிப் பார்த்தோம். முழு விடை இன்னும் கிட்டவில்லை. ஆயினும் ஒன்று தெளிவு: அந்த மனிதருக்குத் தோழமையின் வடிவம் தெரியும். அதன் உள்ளடக்கம்தான் பத்து நிமிடத்தில் தீர்ந்துபோகிறது.

மதுக்கூடத்தின் வணிக அமைப்பும் அப்படிப்பட்டதே. கடை அரசினுடையது. அதனையொட்டிய கூடமோ, தின்பண்டம் விற்கவும் காலிப் புட்டிகளைச் சேகரிக்கவும் ஏலத்தில் உரிமை பெற்ற தனியாருடையது. மது விற்பனையில் அவருக்குப் பங்கில்லை. அவித்த முட்டை, சுண்டல், தம்ளர், தண்ணீர் இவற்றில்தான் அவர் போட்ட முதலை எடுக்க வேண்டும். எனவே கட்டிங் போடுகிறவர் நீண்டநேரம் நிற்பது அவருக்கு நட்டம். சீக்கிரம் குடி, சீக்கிரம் போ. சாய்ந்து அமர நாற்காலியோ, முகம் பார்த்துப் பேச வெளிச்சமோ அங்கு இல்லாததன் காரணம் இதுதான்.

கடை நேரமும் வழக்கங்களை உருவாக்கிற்று. 2016 மே மாதத்தில் திறப்பு நேரம் காலை பத்திலிருந்து நண்பகல் பன்னிரண்டுக்கு மாற்றப்பட்டது. நடந்தது என்ன? பன்னிரண்டுக்கு முன்பே வாயிலில் கூட்டம் சேர்ந்தது. அதற்கும் பொறுக்காதோர் கூடுதல் விலைக்குக் கள்ளத்தனமாக வாங்கப் பழகினர். உச்ச நீதிமன்ற ஆணையால் 2017 ஏப்ரல் முதல் நாளில் நெடுஞ்சாலையோரக் கடைகள் மூவாயிரத்துக்கும் மேல் மூடப்பட்டபோது, பல ஊர்களில் கடை தெருவுக்குள் நகர்ந்து வந்ததை எதிர்த்துப் பெண்கள் திரண்டனர். ஆண்டில் எட்டு நாள்கள் கடையடைப்பு என்பது பல்லாண்டு வழக்கம். காந்தியடிகள் பிறந்தநாளும் வள்ளலார் நினைவுநாளும் திருவள்ளுவர் நாளும் அப்பட்டியலில் உண்டு. பெரிய வெள்ளி இல்லை. கடையடைப்புக்கு முந்திய மாலை வரிசை நீளும். நாளைக்கு அரிசி உண்டா என்று எண்ணாதவர், நாளைக்குக் குவார்ட்டர் உண்டா என்று எண்ணி இரண்டாக வாங்கி வைக்கிறார்.

அதே மனிதர் தவக்காலத்தில் நாற்பது நாள்கள் குடியாமல் இருக்கிறார். ஐயப்பனுக்கு மாலையணியும் அண்டை வீட்டாரும் அவ்வாறே. வேளாங்கண்ணிக்குக் காவியுடுத்தி நடப்பவரும் அவ்வாறே. உயிர்ப்பு ஞாயிறன்று மாலையே அவரை மீண்டும் கடையில் காணலாம் என்று எள்ளி நகையாடுவோர் உண்டு. நாம் அந்த எள்ளலில் சேர்வதில்லை. நாற்பது நாள்கள் இயல்கிறது என்பது சிறிய செய்தியா? அந்நாள்களில் அவருடன் சிலர் சேர்ந்து நடக்கின்றனர், சேர்ந்து உண்கின்றனர், மாலையில் சேர்ந்து செபிக்கின்றனர். நாற்பத்தோராம் நாள் அனைவரும் அவரவர் வீட்டுக்குப் போய்விடுகின்றனர். (நெடுநாள் கடுமையாகக் குடித்தவர் திடீரென நிறுத்தினால் நடுக்கமும் வலிப்பும் வரக்கூடும், அவர் மருத்துவரின் துணையோடுதான் நிறுத்த வேண்டும். விரதமெடுப்போரின் குடும்பத்தார் இதை அறிந்திருத்தல் நன்று.)

வசதியுள்ளோர் வழக்கம் வேறு திசையில் மாறியுள்ளது. அவர்கள் மதுக்கூடத்தின் பக்கம் எட்டிப் பார்ப்பதில்லை. பேரங்காடியில் குளிரூட்டப்பட்ட கடையில் தாமே எடுத்து, அட்டையில் பணம் செலுத்தி, வீட்டுக் குளிர்பெட்டியில் வைக்கின்றனர். முன்பு தந்தை குடிப்பதைப் பிள்ளை அறியாதிருந்தான். இன்று பனிக்கட்டி எடுத்துக் கொடுப்பவன் அவனே. புதுநன்மை விருந்தன்று வீட்டு மொட்டை மாடியில் தனிப்பந்தி நடப்பதை நம் வாசகர் பலரும் அறிவர். அன்று காலையில் முதன்முறை நற்கருணை வாங்கிய குழந்தை, மாலையில் மாமாமார் படியிறங்கத் தடுமாறுவதைப் பார்க்கிறது. அவ்விருந்துகளுக்கு நாம் செல்வதில்லை என்று பங்குப் பேரவையில் அறிவித்துவிட்டோம். சிலர் வருந்தினர். வருந்தட்டும்.

சனிக்கிழமை ஒரு தனி நாள். கட்டடத் தொழிலாளருக்கு வாரக்கூலி தருவது அன்று மாலையில். நம் பங்கில் மரியாயின் சேனையைச் சேர்ந்த பெண்கள் நால்வர், கட்டட ஒப்பந்தக்காரர் ஒருவரிடம் சென்று, கூலியைத் திங்கள் காலையில் கொடுங்கள் என்று கேட்டனர். அவர் மறுத்தார். ‘வேறு கொத்தனாரிடம் போய்விடுவார்கள்’ என்றார். மூன்றாம் முறை கேட்டபோது பாதியைச் சனியன்றும் மீதியைத் திங்களன்றும் தர இசைந்தார். திங்கள் பாதி வீட்டுக்கு வந்து சேர்கிறது என்று அப்பெண்கள் கூறுகின்றனர். எந்த மேய்ப்புப்பணித் திட்டத்திலும் எழுதப்படாத செயல் இது.

அவர்களுள் ஒருவர் கைம்பெண். கணவரைக் கல்லீரல் நோயில் இழந்தவர். அவர் நம்மிடம் கேட்டது ஒன்றே: ‘சாயங்காலம் ஏழு மணிக்கு ஆம்பளைங்க போய் உட்கார நம்ம ஊர்ல வேற எடம் எது சாமி?’ எண்ணிப் பார்த்தோம். நூலகம் அதற்குள் பூட்டப்படும். தேநீர்க் கடையில் பெஞ்சு இரண்டு. ஆலயம் திறந்திருக்கும், ஆனால் வியர்வையோடும் சேற்றுக் காலோடும் ஆலயத்துள் வர அவர்கள் கூசுகின்றனர். ஆகவே பங்கு மன்றத்தை ஏழு முதல் ஒன்பதரை வரை திறந்து வைத்தோம். கேரம் பலகை, நாளிதழ், தேநீர். முதல் வாரம் வந்தவர்கள் பெரும்பாலும் குடிக்காதவர்கள்! காய்கறிக்காரர் சிரித்தார், பின் தாமே போய் இருவரை அழைத்து வந்தார்.

வியாழன்தோறும் அங்கு ஆல்கஹாலிக்ஸ் அனானிமஸ் குழு கூடுகிறது. 1935இல் அமெரிக்காவின் ஓஹையோ மாநிலத்து ஆக்ரன் நகரில் பங்கு வணிகர் ஒருவரும் அறுவை மருத்துவர் ஒருவரும், இருவருமே குடிநோயாளர், சந்தித்துப் பேசியதில் பிறந்தது அவ்வியக்கம். ஒருவர் குடியாதிருக்க மற்றொருவர் தேவை என்பதே அவர்கள் கண்டுகொண்டது. அவ்வூர்ப் புனித தோமையார் மருத்துவமனையில் குடிநோயாளரைச் சேர்த்துக்கொள்ள முதலில் துணிந்தவர்களுள் இக்னேஷியா என்ற அருட்சகோதரியும் ஒருவர். கட்டணமில்லை, குடியை நிறுத்தும் விருப்பம் ஒன்றே தகுதி. நம் மன்றத்துக் குழுவில் இப்போது ஒன்பது பேர். மூவர் நம் சமயத்தினர் அல்லர். ஒருவர் இன்னும் குடித்துவிட்டுத்தான் வருகிறார். அவரை வெளியே நிறுத்தலாமா என்று நாம் கேட்டோம். வேண்டாம் என்று எண்மரும் சொல்லிவிட்டனர்.

குடிநோயாளர் குடும்பத்தாருக்கென 1951இல் தொடங்கப்பட்ட அல்-அனான் குழுவைப் போன்ற ஒன்று தங்களுக்கும் வேண்டுமெனப் பெண்கள் கேட்டுள்ளனர். அதே வியாழன், அதே நேரம், மறைக்கல்வி அறையில். அவ்வறையில் இருப்பவை சிறுவர் பெஞ்சுகள். பெரியோர் அமரத்தக்க இருபது நாற்காலிகளுக்குச் சொல்லியிருக்கிறோம். அடுத்த மாதம் வந்துவிடும் என்று கடைக்காரர் கூறியுள்ளார்.