துரையின் கனவிலும் வந்த அம்மன்

ஈப்போவிலிருந்து பத்து காஜாவுக்குக் காரில் அரை மணி நேரம்தான். பள்ளி விடுமுறை வந்துவிட்டால் கோப்பெங் சாலையில் உள்ள கெல்லி கோட்டையில் கூட்டம் நெரியும். ஆறு மாடிக் கோபுரம், மலாயாவிலேயே முதல் மின்தூக்கி என்று சொல்லிக் கட்டத் தொடங்கிய கூடு, பிள்ளைகளைப் பயமுறுத்த நாலைந்து பேய்க் கதைகள். படம் பிடித்துக்கொண்டு எல்லாரும் திரும்பிவிடுகிறார்கள். அருகிலேயே இருக்கும் மாரியம்மன் கோயிலை எட்டிப் பார்ப்பவர்கள் குறைவு.

போனால், கோபுரச் சுதைகளை நிமிர்ந்து பாருங்கள். சாமிகளுக்கு நடுவே தொப்பி போட்ட வெள்ளைக்காரர் ஒருவர் நிற்கிறார். வில்லியம் கெல்லி ஸ்மித் துரை அவர்தான் என்கிறார்கள். ஸ்காட்லாந்தின் கெல்லாஸ் கிராமத்திலிருந்து 1890இல், இருபது வயதில் மலாயா வந்தவர். ரப்பர் தோட்டம் போட்டுச் செழித்து, 1915இல் இந்த மாளிகையைத் தொடங்கினார். அதற்குச் செங்கல், பளிங்கு மட்டுமல்ல, கொத்தனார்களும் இந்தியாவிலிருந்து கப்பலேறி வந்தார்கள். 1918இல் உலகையே உலுக்கிய விஷக்காய்ச்சல் அந்த ஆட்களையும் தோட்டத்துச் சனங்களையும் வாரிக்கொண்டு போனது. மிஞ்சியவர்கள் துரையிடம் போய், அம்மனுக்கு ஒரு கோயில் வேண்டும் என்று கேட்டார்கள். அவரும் கட்டித் தந்தார்.

வரலாறு இவ்வளவுதான். என் பாட்டியிடம் கேட்டிருந்தால் கதை வேறு. "சனங்க கேட்டா துரை குடுத்துருவானாடா? ஆத்தா அவன் கனவுல போயி நின்னா. காலையில அவனே கங்காணியைக் கூப்பிட்டு எடம் காட்டுனான்."

பாட்டி பத்து காஜா பக்கத்துத் தோட்டமொன்றில் முப்பது வருடம் பால்மரம் வெட்டியவர். அவர் தோட்டத்து அம்மனும் கனவில் வந்தவள்தான். பாட்டியின் மாமியாருக்குத் தலைப்பிள்ளை பிறந்த வருடம், சிவப்புச் சேலை கட்டிய பெண் கனவில் வந்து, ஆற்றோரம் வெயிலில் கிடக்கிறேன், ஒரு நிழல் கொடு என்றாளாம். மறுநாள் இருட்டிலேயே போய்ப் பார்த்தால் அங்கே ஒரு கல். மஞ்சள் பூசி, தகரம் வேய்ந்து, அதுவே கோயிலாயிற்று. பெரிய கிராணி பிடுங்கிப் போடச் சொன்னபோது அவர் கனவிலும் அவள் போனாள் என்பார் பாட்டி. இப்படிப்பட்ட கதை இல்லாத தோட்டத்துக் கோயில் பேராவில் அபூர்வம். கிராணியிடமும் துரையிடமும் நிமிர்ந்து பேச முடியாத சனங்களுக்கு, அவர்கள் தூங்கும்போது போய் அதட்டிவிட்டு வர ஒருத்தி இருந்தாள்.

தமிழ்நாட்டில் காங்கேயம் அருகே சிவன்மலையில் இதையே முறைப்படுத்தி வைத்திருக்கிறார்கள். முருகன் யாராவது ஒரு பக்தர் கனவில் வந்து ஒரு பொருளைச் சொல்வார். பூ கேட்டு உத்தரவு கிடைத்தால் அதைக் கண்ணாடிப் பெட்டியில் வைப்பார்கள். மண், தண்ணீர், துப்பாக்கி என்று எது வந்தாலும் அதைச் சுற்றி நாட்டில் ஏதோ நடக்கும் என்பது நம்பிக்கை. நம் தோட்டங்களில் பெட்டியும் இல்லை, பூ கேட்பதும் இல்லை. கனவு கண்டவர் சொல்தான் சாட்சி.

அந்தச் சாட்சிக்கு நில அலுவலகத்தில் மதிப்பில்லை. ரப்பர் போய்ச் செம்பனை வந்தது, செம்பனை போய்த் தாமான் வந்தது. கிராண்ட் இல்லாத கோயில்கள் நடுவில் மாட்டிக்கொண்டன. பாட்டியின் தோட்டமும் விற்கப்பட்டது. வாங்கியவர்கள் இரண்டு மைல் தள்ளி ஒரு துண்டு நிலம் தருவதாகச் சொன்னார்கள். கோயில் கமிட்டி இரண்டாகப் பிரிந்தது. இளைஞர்கள், எழுத்தில் கிடைக்கும்போதே வாங்கிக்கொள்வோம் என்றார்கள். பெரியவர்கள், அவளே கேட்ட இடம், நகர்த்தினால் குடும்பத்துக்கு ஆகாது என்றார்கள். மண்வாரி இயந்திரம் ஆற்றோரம் வந்து நின்றுவிட்டது. கடைசியில் பாட்டியிடம் வந்தார்கள். அந்த வீட்டுக்குத்தானே முதலில் வந்தாள், இன்று ராத்திரி கேட்டுச் சொல்லுங்கள் என்று.

மறுநாள் காலையில் பாட்டி தலைக்குக் குளித்துவிட்டு வாசலில் உட்கார்ந்திருந்தார்.

"ஆத்தா என்ன சொன்னா பாட்டி?"

"வரேன்னுட்டா. வெள்ளிக்கெழமையா பாத்துத் தூக்குங்க."

அந்த வெள்ளிக்கிழமையே, தப்பு அடித்துக்கொண்டு கல்லைத் தூக்கிப் போனார்கள். புதுக் கோயிலில் இப்போது டைல்ஸ் தரை, கார் நிறுத்த இடம், ஆடி மாதம் கூழ் ஊற்றும்போது சிங்கப்பூரில் இருக்கும் பேரப்பிள்ளைகள்கூட வந்துவிடுகிறார்கள். கமிட்டியில் பேசாமலிருந்த இரண்டு அண்ணன் தம்பிகள் பந்தலில் சேர்ந்து பரிமாறுகிறார்கள்.

பாட்டி இறப்பதற்குக் கொஞ்ச நாள் முன்பு, கால் அமுக்கிக்கொண்டிருந்த அம்மாவிடம் மட்டும் சொன்னாராம். அன்றைக்கு ராத்திரி அவர் கண்ணை மூடவே இல்லையாம்.