சுருட்டைக் கால்

போன மாதம் ஒரு நூல்நிலையத்தின் ஆண்டு விழாவுக்கு என்னைப் பேச அழைத்திருந்தார்கள். தலைமை வகித்த பெரியவர் மைக்கை இரண்டு தடவை தட்டிப் பார்த்துவிட்டு, "இவரை உங்களுக்கு அறிமுகம் செய்ய வேண்டிய அவசியமே இல்லை" என்று ஆரம்பித்தார். அப்படி ஆரம்பிக்கிறவர்கள் கால் மணிக்குக் குறைந்து அறிமுகம் செய்வதில்லை என்பது என் அநுபவம். அந்தக் கால் மணியும் அவர் பேசியது என்னுடைய ஒரே ஒரு சிறுகதையைப் பற்றித்தான். அதை எழுதியபோது எனக்கு 22 வயது. வாடகை அறையில், பக்கத்து வீட்டுக் குழந்தை விடாமல் அழுதுகொண்டிருக்க, எட்டே நாளில் எழுதி முடித்த கதை. அதற்குப் பிறகு பதினொரு நாவல்கள் எழுதியிருக்கிறேன். ஒரு நாவலுக்காக இரண்டு வருஷம் தூக்கம் கெட்டிருக்கிறேன். பெரியவர் அவற்றையெல்லாம் "மற்றும் பல" என்ற இரண்டு வார்த்தைகளில் முடித்துவிட்டு எனக்கு மாலை போட்டார்.

சந்தோஷப்பட வேண்டிய விஷயம்தான். இல்லை என்று சொல்லவில்லை. ஆனாலும் ரயிலில் திரும்பி வரும்போது மனசு புளித்த மோர் மாதிரி கிடந்தது.

வீட்டுக்கு வந்தால், லீவுக்கு வந்திருந்த அக்கா பையன் திண்ணையில் ஒரு விளையாட்டுப் புஸ்தகத்தை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தான். வயது பதினான்கு. உலகத்தில் உள்ள புள்ளி விவரம் எல்லாம் அவனுக்குத் தலைகீழ்ப் பாடம். "மாமா, சர்வதேசப் போட்டியில் ஒரே ஆட்டத்தில் பத்து கோல் போட்ட முதல் ஆள் யார், சொல்லு பார்ப்போம்?" என்றான். தெரியாது என்றேன். "ஸோபஸ் நீல்ஸன். டென்மார்க்" என்று சொல்லிவிட்டு அடுத்த பக்கத்தைப் புரட்டிவிட்டான். அவனைப் பொறுத்தவரை விஷயம் அதோடு தீர்ந்தது. எனக்குத் தீரவில்லை. அன்று பிடித்த பைத்தியம் இன்னும் விட்டபாடில்லை.

நீல்ஸன் கோபன்ஹேகன் நகரத்துக்காரர். 1888-ல் பிறந்தவர். அவர் ஆடிய சங்கத்துக்கு 'ஃப்ரெம்' என்று பெயர். டேனிஷ் பாஷையில் 'முன்னே' என்று அர்த்தமாம். முன்வரிசை ஆட்டக்காரருக்கு இதைவிடப் பொருத்தமான சங்கம் அமையாது. 1886-ல் ஆரம்பித்த அந்தச் சங்கம் உழைப்பாளிகளின் சங்கம் என்று பேர் வாங்கியது. அங்கே அவருக்கு ஒரு பட்டப் பெயர் உண்டு: 'க்ரோல்பென்'. நம் பாஷையில் சொன்னால் சுருட்டைக் கால். தலை சுருட்டையாக இருக்கலாம், கால் எப்படிச் சுருட்டையாக இருக்கும் என்று கேட்கக்கூடாது. பந்தை வைத்துக்கொண்டு ஓடுகிறவனைப் பார்த்தவர்களுக்குத்தான் அந்தப் பெயரின் ருசி தெரியும்.

1908-ம் வருஷம் லண்டனில் ஒலிம்பிக் நடந்தது. பிரான்ஸும் பிரிட்டனும் சேர்ந்து ஒரு பெரிய பொருட்காட்சி நடத்திக்கொண்டிருந்தன. இரு நாட்டு சிநேகத்தைக் கொண்டாடுவதற்கு வெள்ளை வெளேரென்று கட்டடங்கள் எழுப்பி, அந்த இடத்துக்கே 'ஒயிட் ஸிட்டி' என்று பெயர் வைத்திருந்தார்கள். பக்கத்திலேயே கட்டிய பிரம்மாண்டமான ஸ்டேடியத்தில்தான் கால்பந்தும். பிரான்ஸுக்கு உற்சாகம் தாங்கவில்லை போலிருக்கிறது. ஒன்றுக்கு இரண்டாக இரண்டு அணிகளை அனுப்பி வைத்தது.

டென்மார்க்குக்கோ அதுதான் முதல் சர்வதேச ஆட்டம். அக்டோபர் 19-ந் தேதி பிரான்ஸின் இரண்டாவது அணியோடு மோதி, 9-0 என்று ஜெயித்தார்கள். இருபது வயதுப் பையன் நீல்ஸனுக்கு அதில் ஒரே ஒரு கோல். நாலு கோல் போட்டவர் வில்ஹெல்ம் வொல்ஃப்ஹாகன். இரண்டு கோல் போட்ட இன்னொருவர் பெயர் ஹாரல்ட் போர். அணு விஞ்ஞானி நீல்ஸ் போரின் தம்பிதான். பிற்காலத்தில் பெரிய கணித மேதை. அண்ணனும் கோல்கீப்பராக ஆடியவர்தான், ஆனால் தேசிய அணிக்கு வரவில்லை. 1910-ல் தம்பி டாக்டர் பட்டத்துக்காகத் தம் ஆராய்ச்சியை எடுத்துரைத்தபோது, மண்டபத்தில் கணக்குப் புலிகளைவிடக் கால்பந்து ரசிகர்கள்தான் அதிகம் என்று இன்றும் சொல்லிச் சிரிக்கிறார்கள். கணக்கு என்றால் காலேஜ் நாளிலேயே எனக்கு வயிற்றைக் கலக்கும். அப்படியும் அந்தக் கூட்டத்தில் ஒரு மூலையில் உட்கார்ந்திருக்க ஆசையாக இருக்கிறது.

மூன்று நாள் கழித்து, 22-ந் தேதி அரை இறுதி. இப்போது எதிரே பிரான்ஸின் முதல் அணி. மூன்றாவது நிமிஷம் நீல்ஸன் ஒரு கோல் போட்டார். நாலாவது நிமிஷம் இன்னொன்று. ஆறாவது நிமிஷம் மூன்றாவது. ஜனங்கள் வந்து இடம் பிடித்து உட்காருவதற்குள் மூன்று கோல்! நடுவில் பிரான்ஸும் ஒன்று போட்டது. இடைவேளையில் 6-1. அதற்கு மேல் நடந்ததை ஆட்டம் என்று சொல்வதா என்ன சொல்வதென்று தெரியவில்லை. கடைசியில் 17-1. அதில் நீல்ஸனுக்கு மட்டும் பத்து.

எனக்கு அந்தப் பத்தைவிடப் பதினேழுதான் மனசில் உறுத்துகிறது. ஒவ்வொரு கோலுக்குப் பிறகும் தோற்கிறவர்கள்தான் பந்தை நடு மைதானத்துக்குக் கொண்டுபோய் வைத்து மறுபடியும் ஆரம்பிக்க வேண்டும் என்பது விதி. ஏழு, எட்டு, ஒன்பது என்று அந்தப் பந்தைத் தூக்கிக்கொண்டு நடந்தவர்களின் முகம் எப்படி இருந்திருக்கும்! மூன்றாவது இடத்துக்கு ஓர் ஆட்டம் இருந்தது. வெண்கலப் பதக்கம் கிடைத்திருக்கலாம். பிரான்ஸ்காரர்கள் 'போதும், சாமி' என்று ஒதுங்கிக்கொண்டார்கள். அவர்களுக்குப் பதில் ஸ்வீடன் ஆடி, நெதர்லாந்திடம் தோற்றது. சிநேகத்தைக் கொண்டாடக் கட்டிய ஸ்டேடியத்தில் பிரான்ஸுக்குக் கிடைத்த மரியாதை இது.

இனிமேல்தான் விஷயமே இருக்கிறது. இரண்டு நாள் கழித்து, 24-ந் தேதி இறுதி ஆட்டம். எதிரே பிரிட்டன். நீல்ஸன் ஆடினார். ஒரு கோல்கூட விழவில்லை. டென்மார்க் முழுவதற்குமே பூஜ்யம். 2-0 என்று தோற்று வெள்ளிப் பதக்கத்தோடு ஊர் திரும்பினார்கள். வியாழக்கிழமை பத்து, சனிக்கிழமை சைபர். இடையில் மனுஷன் மாறிவிட்டாரா, கால் மாறிவிட்டதா? எதிரே நின்றவர்கள் மாறியிருந்தார்கள், அவ்வளவுதான்.

நீல்ஸன் தேசிய அணிக்காக மொத்தம் ஆடியது 20 ஆட்டம். போட்டது 16 கோல். அக்கா பையனிடம் காகிதமும் பென்சிலும் வாங்கிக் கழித்துப் பார்த்தேன். முதல் இரண்டு ஆட்டங்களில் 11 கோல். மிச்சம் பதினெட்டு ஆட்டங்களில் ஐந்து. அவருக்குச் சற்றுப் பின்னால் வந்த போல் நீல்ஸன் என்பவர் 38 ஆட்டங்களில் 52 கோல் போட்டார். ஒரு நூற்றாண்டு கழித்து, 2010-ல்தான் இன்னொரு டேனிஷ்காரர், யோன் தால் தோமஸன், அந்த எண்ணிக்கையைத் தொட்டார், அதுவும் நூறு ஆட்டங்களுக்கு மேல் ஆடி. நியாயப்படி பெரிய கோல்காரர் போல்தான். ஆனால் அக்கா பையனுக்குத் தெரிந்த பெயர் ஸோபஸ்.

1912-ல் ஸ்டாக்ஹோம் ஒலிம்பிக்குக்கும் அவர் போனார். நார்வேயை 7-0 என்று ஜெயித்த ஆட்டத்தில் இரண்டு கோல். இறுதி ஆட்டம் மறுபடியும் பிரிட்டனோடு. பாதி ஆட்டத்துக்கு முன்பே ஒரு டேனிஷ்காரருக்கு அடிபட்டு வெளியேற, மாற்று ஆள் இறக்கும் வழக்கம் இல்லாத காலம், பத்துப் பேரோடு ஆடி 4-2 என்று தோற்றார்கள். மறுபடியும் வெள்ளி.

அதே ஊரில், அதே வாரத்தில்தான் இன்னொன்றும் நடந்தது. ஜூலை 1-ந் தேதி, ஜெர்மனி ரஷ்யாவை 16-0 என்று அடித்தது. காட்ஃப்ரீட் ஃபுக்ஸ் என்பவருக்குப் பத்து கோல். நீல்ஸன் அப்போது தம் அணியோடு அங்கேதான் இருந்தார். யாராவது ஓடிவந்து அவரிடம் சொல்லாமலா இருந்திருப்பார்கள்?

ஃபுக்ஸ் யூதர். ஜெர்மனிக்காக ஆறே ஆட்டங்கள், 13 கோல். அதில் பத்து அந்த ஒரே நாளில். முதல் யுத்தத்தில் ஜெர்மனிக்காகப் போர்முனையிலும் நின்றார். பிறகு ஹிட்லர் வந்தான். அவர் பெயரைப் புஸ்தகங்களிலிருந்து எடுத்துவிட்டார்கள். அவரோடு கிளப்பிலும் தேசிய அணியிலும் ஆடிய யூலியுஸ் ஹிர்ஷ் 1943-ல் ஆஷ்விட்ஸுக்குக் கொண்டுபோகப்பட்டு மாண்டார். ஃபுக்ஸ் தப்பி, கடைசியில் கனடாவில் போய்ச் சேர்ந்தார். 1972-ல் ம்யூனிக்கில் புது ஸ்டேடியம் திறந்தபோது, அவரைக் கௌரவ விருந்தாளியாக அழைக்க வேண்டும் என்று ஜெர்மனியின் பழைய பயிற்சியாளர் ஸெப் ஹெர்பெர்கர் மன்றாடினார். சங்கத்தார் முடியாது என்றுவிட்டார்கள். அதற்குள் ஃபுக்ஸ் மாண்ட்ரீலில் காலமாகியிருந்தார்.

இதைப் படித்த ராத்திரி, "மற்றும் பல" என்று சொன்ன பெரியவர் மேல் எனக்கிருந்த கோபம் வெட்கமாக மாறிவிட்டது. ஒரு பெயரைத் திரும்பத் திரும்பச் சொல்லி அலுப்பூட்டுவது ஒன்று. அதை அச்சிலிருந்தே பிடுங்கி எடுப்பது வேறு.

நீல்ஸனுக்கு அந்தக் கஷ்டம் நேரவில்லை. ஆடி முடித்த பிறகு பயிற்சியாளராக இருந்தார். 1963 ஆகஸ்டில், 75 வயதில் காலமானார். பத்து என்ற எண் அவருக்குப் பின்னும் 38 வருஷம் நின்றது. 2001 ஏப்ரல் 11-ந் தேதி ஆஸ்திரேலியாவின் ஆர்ச்சி தாம்ஸன் அமெரிக்கன் ஸமோவாவுக்கு எதிராக 13 கோல் போட்டார், ஆட்டம் 31-0. எதிரணியில் பள்ளிக்கூட வயதுப் பிள்ளைகளும் இருந்தார்கள். அன்று கோல்கீப்பராக நின்ற நிக்கி ஸலாப்பு, பத்து வருஷம் கழித்து, 2011-ல் டோங்காவை 2-1 என்று ஜெயித்த அணியில் இருந்தார் என்று அக்கா பையன்தான் தேடிப் பிடித்துச் சொன்னான். பதினான்கு வயதுக்குப் பரவாயில்லை, புத்தி நல்ல இடத்துக்குப் போகிறது.

நேற்று அந்த நூல்நிலையத்திலிருந்து கடிதம் வந்தது. மலர் ஒன்று போடுகிறார்களாம். என் கதை ஒன்றை வெளியிட அநுமதி வேண்டுமாம். எந்தக் கதை என்று சொல்ல வேண்டியதில்லை. கையெழுத்துப் போட்டு உடனே அனுப்பிவிட்டேன். கூடவே, இரண்டு வருஷம் தூக்கம் கெடுத்த அந்த நாவலில் ஒரு பிரதியும் பெரியவர் பெயருக்கு வைத்துக் கட்டினேன். தபால் செலவு என்னுடையது.