ரெம்பிராண்ட் வீட்டு ஸ்டாக் லிஸ்ட்

பி.காம். படிக்கிறவனுக்கு ஓவியத்தைப் பற்றி என்ன தெரியும் என்று நீங்கள் கேட்கலாம். ஒன்றும் தெரியாது. எனக்கு இந்த ஆர்வம் வந்ததே இன்சால்வன்சி பாடத்தால்தான். கடன் வாங்கியவன் கையை விரித்துவிட்டால் அவனிடம் என்ன இருக்கிறது, யாருக்கு எவ்வளவு பாக்கி என்று ஒரு ஸ்டேட்மெண்ட் போடுவோமே, அந்தப் பாடம். கணக்கில் வருகிற ஆளுக்குப் பெயர்கூட இருக்காது, 'திரு. ஏ' தான். அவன் வீட்டுச் சாமான் முழுக்க 'ஃபர்னிச்சர்' என்று ஒரே வரியில் முடிந்துவிடும்.

அப்படிப்பட்ட ஒரு லிஸ்ட்டை வைத்துக்கொண்டு ஒரு வீட்டின் உள்பக்கத்தையே திரும்ப அமைத்திருக்கிறார்கள் என்று படித்தபோது ஆச்சரியமாக இருந்தது. வீடு இருப்பது ஆம்ஸ்டர்டாமில். திவாலானவர் திரு. ஏ இல்லை. ரெம்பிராண்ட்!

1639ல் அவர் அந்த வீட்டை வாங்கினார். விலை 13,000 கில்டர். அப்போது அவருக்கு வயது 32, நல்ல பெயர், நல்ல வருமானம். ஆனால் முழுப் பணமும் கையில் இல்லை. மீதியைச் சில வருடங்களில் கட்டுவதாகப் பேச்சு. 1642ல் அவர் வரைந்து முடித்த 'இரவுக் காவல்', உலகமே போய்ப் பார்க்கிற படம், அதற்கு அவருக்குக் கிடைத்தது சுமார் 1,600 கில்டர். நம் ஆட்கள் உடனே வகுத்துப் பார்த்திருப்பீர்கள். அந்த வீட்டின் விலை எட்டு 'இரவுக் காவல்'!

அதே 1642ல் அவர் மனைவி சாஸ்கியா இறந்துபோனார். மகன் டைட்டஸுக்கு ஒரு வயதுகூட ஆகவில்லை. வருமானம் வந்துகொண்டுதான் இருந்தது. ஆனால் மனுஷனுக்கு ஏலம் என்றால் பைத்தியம். படம், சிலை, சங்கு, பழைய ஆயுதம் எதைக் கண்டாலும் வாங்கிவிடுவார். 1653ல் பார்த்தால் வீட்டுக்கே இன்னும் 8,000 கில்டருக்கு மேல் பாக்கி. விற்றவர் நெருக்க, வேறு இடங்களில் கடன் வாங்கி அவருக்குக் கட்டினார். கடனை அடைக்கக் கடன். முடிவு என்ன என்று நமக்குத் தெரியும். 1656ல் இருப்பதையெல்லாம் கடன் கொடுத்தவர்களுக்காக ஒப்படைப்பதாக எழுதிக் கொடுத்துவிட்டார்.

அந்த ஜூலை மாதம் 25, 26 தேதிகளில் திவால் சொத்துகளைக் கவனிக்கும் அலுவலகத்திலிருந்து ஆட்கள் வந்தார்கள். வாசல் கூடத்தில் ஆரம்பித்து அறை அறையாக நடந்து எழுதினார்கள். மொத்தம் 363 பதிவுகள்.

நானும் கூடவே நடந்து பார்த்தேன், லிஸ்ட்டிலும் போட்டோக்களிலும்தான் :-)

வாசல் கூடத்தில் சுவர் முழுக்கப் படங்கள். ரெம்பிராண்ட் ஓவிய வியாபாரமும் செய்தவர், வருகிறவர்கள் முதலில் பார்ப்பது சரக்கைத்தான். ரஷ்யத் தோல் போட்ட நாற்காலிகளும் அங்கேயே. லிஸ்ட்டின் முதல் வரி, பலகாரம் சுடுகிறவரைக் காட்டும் ஒரு சின்னப் படம். அதை வரைந்தவர் ஏட்ரியன் பிரௌவர் என்ற வேறு ஓவியர். சமையலறையில் ஒரு ஈயத் தண்ணீர்ப் பாத்திரம், சில சட்டி பானைகள், பழைய நாற்காலிகள்.

மாடியில் அவர் சேகரித்த பொருட்களுக்கென்று ஒரு தனி அறை. ரோம் சக்கரவர்த்திகளின் சிலைகள், ஹோமர், அரிஸ்டாட்டில், உலக உருண்டைகள், சங்குகள், பவளம், ஆல்பம் ஆல்பமாகப் படங்கள். இதெல்லாம் வெட்டிச் செலவு என்று நானும் முதலில் நினைத்தேன். ஆனால் 1653ல் அவர் வரைந்தது, ஹோமர் சிலை மேல் கை வைத்து நிற்கும் அரிஸ்டாட்டில். 1650ல் ஒரே ஒரு சங்கை மட்டும் வைத்து ஒரு எட்சிங் செய்திருக்கிறார். செப்புத் தகட்டில் நேராக வரைந்ததால், அச்சில் அதன் சுழி இயற்கைக்கு நேர்மாறாக விழுந்திருக்கிறது. முகலாயச் சித்திரங்களைப் பார்த்து அவர் வரைந்தவை 20க்கு மேல் இன்றும் இருக்கின்றன. அதில் ஷாஜகானும் உண்டு, அவர் அப்போது உயிரோடு இருந்த காலம். இந்த அறையை எந்தத் தலைப்பில் எழுதுவது? எங்கள் வாத்தியாரிடம் கேட்டால் 'வீட்டுச் செலவு' என்பார். எனக்கென்னவோ மூலப்பொருள் என்றுதான் தோன்றுகிறது.

அடுத்து, வடக்கு வெளிச்சம் விழும் பெரிய ஸ்டுடியோ. நாள் முழுக்க வெளிச்சம் அதிகம் மாறாது என்பதால் ஓவியர்களுக்கு வடக்கு ஜன்னல்தான் வசதியாம். மாணவர்கள் வேலை செய்த இடம் தடுப்புத் தடுப்பாகப் பிரித்தது. அங்கே வில், அம்பு, கேடயம், ஊதுகிற வாத்தியங்கள். கடைசியில் வருவதுதான் என்னை என்னவோ செய்தது. சலவைக்குப் போயிருந்த துணிகள். சட்டை, கைக்குட்டை, மேஜை விரிப்பு. வெளுத்து வீடு திரும்பாத துணியைக்கூட விடவில்லை.

பொருட்களெல்லாம் ஏலத்தில் போயின. 1658ல் வீடு 11,218 கில்டருக்கு விற்றது. வாடகை வீட்டுக்குப் போனார்கள். 1660ல் டைட்டஸும், வேலைக்கு வந்து பிறகு ரெம்பிராண்ட்டின் துணையாகவே ஆகிவிட்ட ஹென்ட்ரிக்கேயும் சேர்ந்து ஒரு கம்பெனி ஆரம்பித்தார்கள். ரெம்பிராண்ட் அதில் வேலையாள் மாதிரி! வரைவதெல்லாம் கம்பெனிக்குச் சொந்தம், அவருக்குச் சாப்பாடும் இடமும். கடன்காரர்கள் கை வைக்க முடியாது. 1669ல் இறந்தபோது அடையாளம் இல்லாத ஒரு கல்லறையில் புதைத்தார்கள்.

வீடு பல கை மாறியது. 1911ல் மியூசியமாகத் திறந்தபோதுகூட, அவருடைய எட்சிங்குகளை மாட்டி வைக்கிற இடமாகத்தான் இருந்தது. 1990களின் கடைசியில் பக்கத்தில் புதுக் கட்டடம் கட்டியபிறகுதான், பழைய வீட்டின் உள்ளே பழைய மாதிரியே அமைத்தார்கள். ரெம்பிராண்ட் தன் வீட்டை வரைந்த படங்கள் கொஞ்சம் உதவின. முக்கியமான ஆதாரம் அந்த 363 வரிகள். கட்டில், நாற்காலி எல்லாம் அவருடையவை இல்லை, அந்தக் காலத்துச் சாமான்களைத் தேடி வாங்கி வைத்தவை. ஆனால் எது எந்த அறையில் என்பது குமாஸ்தாவின் வாக்கு. அந்த வீட்டைக் கலைப்பதற்காக எழுதிய கணக்குதான் 340 வருஷம் கழித்து அதைத் திரும்பக் கூட்டியது.

எங்கள் வீட்டிலும் ஒரு லிஸ்ட் இருக்கிறது. தாத்தா போனபிறகு ஊர் வீட்டை விற்றபோது பெரியப்பா ஒரு நாற்பது பக்க நோட்டில் எழுதியது. பித்தளை அண்டா 2, வெண்கலப் பானை 1, குத்துவிளக்கு 2, மர பெஞ்சு 1. பித்தளை, வெண்கலத்துக்குப் பக்கத்தில் எடை. பங்கு பிரிக்க அது போதும், கணக்கில் ஒரு கிராம் தப்பு இல்லை. ஆனால் எந்த அறையில் எது இருந்தது என்று ஒரு வார்த்தை கிடையாது. வீட்டை இடித்துக் காம்ப்ளெக்ஸ் கட்டியாகிவிட்டது. இந்த நோட்டை வைத்து யாரும் எதையும் திரும்பக் கூட்ட முடியாது.

போன வாரம் அந்த நோட்டை எடுத்து ஒவ்வொரு வரிக்கும் எதிரே இடம் எழுத ஆரம்பித்தேன். அப்பாவிடம் கேட்டேன், அத்தைக்குப் போன் போட்டேன். அண்டாவிலும் விளக்கிலும் சண்டை வரவில்லை. தாத்தா மத்தியானம் படுக்கிற பெஞ்சு திண்ணையில்தான் கிடந்தது என்கிறார் அத்தை. பட்டாசாலையில் என்று அப்பா சத்தியம் செய்கிறார். அரை மணி நேரம் ஸ்பீக்கரில் வாக்குவாதம். கடைசியில் இரண்டையும் எழுதி, பக்கத்தில் ஒரு கேள்விக்குறி போட்டிருக்கிறேன்.