அடுத்தவர் வீட்டுக் கடுதாசி

அன்னவாசலில் பஸ்ஸை விட்டு இறங்கி, "கடிதம் எழுதித் தருகிறவர் யாராவது இங்கே இருக்கிறார்களா?" என்று டீக்கடையில் கேட்டேன். "பட்டாவுக்கா, பென்சனுக்கா?" என்று திருப்பிக் கேட்டார் கடைக்காரர். இரண்டும் இல்லை, பழைய காலத்தில் வெளிநாட்டுக்குக் கடுதாசி எழுதித் தருவார்களே அவர்கள் என்றதும் சிரித்துவிட்டு, "அப்ப நீங்க அந்தப் பெரியவரைத்தான் பாக்கணும்" என்று தெருவைக் காட்டினார்.

புதுக்கோட்டையிலிருந்து இலுப்பூர் வழியாக மணப்பாறை போகும் சாலையில் இருக்கிற ஊர் அன்னவாசல். சித்தன்னவாசல் ஓவியத்தைப் பார்க்க வருகிற கார்கள் ஊருக்கு முன்னாலேயே திரும்பிவிடும். வானம் பார்த்த பூமி. கண்மாய் நிறைந்தால் நெல், இல்லாவிட்டால் கடலை. அதுவும் இல்லாவிட்டால் வெளிநாடு. பர்மா, மலேயா, சிங்கப்பூர், அப்புறம் சவூதி, குவைத் என்று இந்த வட்டாரத்து ஆண்கள் தலைமுறை தலைமுறையாகக் கப்பலோ விமானமோ ஏறியிருக்கிறார்கள். பின்னால் நின்ற பெண்களில் பெரும்பாலோருக்கு எழுதத் தெரியாது. நான் தேடி வந்த தொழில் அந்த இடைவெளியில்தான் பிழைத்தது.

பெரியவருக்கு எண்பதை நெருங்கும் வயது. பழைய எஸ்.எஸ்.எல்.சி. ஒரு மளிகைக் கடையில் கணக்கு எழுதியவர். மாலையில் அதே கடைத் திண்ணையில் உட்கார்ந்து கடிதம் எழுதிக் கொடுத்திருக்கிறார். நான் நோட்டை எடுத்ததும் அவர் சொன்ன முதல் வார்த்தை: "பேரைப் போடாதீங்க தம்பி. நான் எழுதினது பூரா அடுத்தவங்க வீட்டு விசயம்."

அவர் வைத்திருந்த முகவரி நோட்டு ஒன்று மட்டும் மிஞ்சியிருக்கிறது. பெயர்களைக் கையால் மறைத்துக்கொண்டு ஊர்களை மட்டும் காட்டினார். ஜித்தா, தம்மாம், கோலாலம்பூர், பினாங்கு. அனுப்புநர் பக்கத்தில் முதலில் "குளத்தூர் தாலுகா, திருச்சி ஜில்லா" என்றே எழுதியிருக்கிறார். புதுக்கோட்டை சமஸ்தானம் 1948 மார்ச்சில் இந்தியாவோடு சேர்ந்த பிறகு இந்தப் பகுதி திருச்சி மாவட்டத்தில்தான் இருந்தது. 1974 ஜனவரி 14 அன்றுதான் புதுக்கோட்டை தனி மாவட்டமானது. அதற்குப் பிறகும் பல வருடம் மலேசியாவிலிருந்து வந்த கடிதங்கள் திருச்சி ஜில்லாவைத் தேடித்தான் வந்தனவாம். ஊரை விட்டுப் போனவர் மனதில் ஊரின் விலாசம் அவர் கிளம்பிய நாளோடு நின்றுவிடுகிறது.

வேலை எப்படி நடக்கும் என்று கேட்டேன். அதைச் சொல்லும்போதுதான் அவர் நிமிர்ந்து உட்கார்ந்தார். இன்லண்டு லெட்டரோ, நீல நிற ஏர்மெயில் தாளோ வந்தவர்களே வாங்கி வருவார்கள். மேலே என்ன போடுவது என்பதை முகத்தைப் பார்த்தே முடிவு செய்துவிடுவார்: பிள்ளையார் சுழியா, 786-ஆ, சிலுவையா. பிறகு "நலம், நலமறிய அவா". அதுவரை அவருடைய எழுத்து. அதற்கப்புறம் பேனாவை மூடி வைத்துவிட்டு, "சொல்லும்மா" என்பார். அந்த அம்மா சொல்லி முடிக்கிறவரை ஒரு வரி எழுத மாட்டார்.

"சொல்லச் சொல்ல எழுதுனா லெட்டர் நாலு பக்கம் போயிரும். தாள்ல இடம் அவ்வளவுதான். முதல்ல மாமியாரத் திட்டும். அப்புறம் அழுவும். கடைசியிலதான் வந்த காரியத்தச் சொல்லும், ஓடு மாத்தணும், மழை ஒழுகுதுன்னு. நான் கடைசியில சொன்னத முதல்ல எழுதுவேன்."

மாமியார்?

"மாமியாருக்கு ஒரு வரி. 'உங்கள் அம்மா சுகமாக இருக்கிறார்கள்.' பதிலு வந்தா அதை மாமியாருக்கும் நான்தான படிச்சுக் காட்டணும்?"

எழுதுகிறவரே வாசிக்கிறவரும் என்பதால் ஒரு குடும்பத்தின் இரண்டு பக்கக் கணக்கும் அவருக்குத் தெரியும். மகன் எவ்வளவு அனுப்பினான், மணியார்டர் படிவத்தின் சின்னக் கட்டத்தில் என்ன சொன்னான், மருமகள் எதை மறைத்தாள், எல்லாம். எழுதுவதற்குக் காசு வாங்கியிருக்கிறார். படித்துச் சொல்ல வாங்கவில்லை. தர்மமா என்றால் இல்லை. "படிக்கக் காசு கேட்டா, பதில் எழுத வேற ஆள்ட்டப் போயிருவாங்க" என்றார்.

அந்த முனையிலும் இப்படி ஒருவர் இருந்திருக்கிறார். பாலைவனத்துத் தொழிலாளர் முகாமில் ஓரளவு படித்த ஒரு ஆள், வெள்ளிக்கிழமை விடுமுறையில் மற்றவர்களுக்கு எழுதிக் கொடுப்பார். ஒரே கையெழுத்தில் மூன்று வீட்டுக்குக் கடிதம் வரும்போது பெரியவருக்குப் புரிந்துவிடும். அந்த ஆள் "ஞாபகம்" என்பதை எப்போதும் "நாபகம்" என்றுதான் எழுதுவாராம். அந்த ஆளை இவர் பார்த்ததே இல்லை. இவருடைய கையெழுத்தை அவர் எப்படிப் பார்த்தாரோ தெரியாது. கணவனும் மனைவியும் பேசிக்கொண்டதாக நாம் நினைக்கும் எத்தனையோ கடிதங்களில் உண்மையில் பேசிக்கொண்டவர்கள் இந்த இரண்டு ஆண்கள்தான். கொஞ்சம் சங்கடமான உண்மை இது. ஒரு பெண் தன் கணவனிடம் சொல்ல விரும்பியதில் எவ்வளவு, ஊர்ப் பெரியவர் ஒருவர் எதிரில் உட்கார்ந்து வாய்விட்டுச் சொல்லக்கூடியதாக இருந்திருக்கும்? இந்தத் தொழிலைப் பற்றி ஏக்கத்தோடு எழுதுகிறவர்கள் இந்தக் கேள்வியைத் தாண்டிப் போய்விடுகிறார்கள்.

பிரேசில் நாட்டுப் படம் ஒன்று உண்டு, 1998-இல் வந்த 'சென்ட்ரல் ஸ்டேஷன்'. ரியோ டி ஜெனிரோ ரயில் நிலையத்தில் எழுதப் படிக்கத் தெரியாதவர்களுக்குக் கடிதம் எழுதிக் கொடுக்கும் டோரா என்கிற முன்னாள் ஆசிரியைதான் நாயகி. காசை வாங்கிக்கொண்டு எழுதுவாள். வீட்டுக்குப் போய், பிடிக்காத கடிதங்களைத் தபாலில் போடாமல் கிழித்தோ இழுப்பறையில் போட்டோ வைத்துவிடுவாள். கதையைப் பெரியவரிடம் சொன்னேன். நெடுநேரம் யோசித்தார்.

"கிழிச்சது தப்பு. காசு வாங்கியாச்சுல்ல? ஆனா போடக் கூடாத லெட்டருன்னு சிலது உண்டு தம்பி. ஒரு பொண்ணு வந்து, இனிமே எனக்கும் அவருக்கும் ஒண்ணுமில்லன்னு எழுதுங்கன்னுச்சு. எழுதிக் கொடுத்தேன். ஒட்டல. பசை தீந்துபோச்சு, நாளைக்கு வா ஒட்டித் தாறேன்னேன்."

அந்தப் பெண் மறுநாள் வந்தாளா என்று நான் கேட்டதற்கு, "அது அவங்க வீட்டு விசயம்" என்று நிறுத்திக்கொண்டார்.

இந்தத் தொழிலை அறிவொளி இயக்கம் அழித்திருக்கும் என்று எண்ணிக்கொண்டு போயிருந்தேன். 1991-இல் தொடங்கிப் புதுக்கோட்டை மாவட்டத்தையே உலுக்கிய எழுத்தறிவு இயக்கம் அது. அப்போதைய ஆட்சியர் ஷீலா ராணி சுங்கத் பெண்களுக்குச் சைக்கிள் ஓட்டக் கற்றுக்கொடுப்பதையும் அதோடு சேர்த்தார். பக்கத்துக் குடுமியான்மலையில் கல் உடைக்கும் பெண்கள் சைக்கிள் மிதித்ததைப் பத்திரிகையாளர் பி. சாய்நாத் எழுதி, அது நாடு முழுக்கப் பேசப்பட்டது. எழுத்துக் கூட்டிப் படிக்கத் தெரிந்த பெண்ணுக்கு எழுத்தர் எதற்கு?

பெரியவர் தலையை ஆட்டினார். பேர் எழுதத் தெரிவது வேறு, கடிதம் எழுதுவது வேறு என்பது அவர் கட்சி. அறிவொளி வகுப்புக்குப் போன பெண்கள் அதற்குப் பிறகும் அவரிடம் வந்தார்கள். ஒரே வித்தியாசம், எழுதி முடித்ததும் தாளை வாங்கித் தாங்களே ஒருமுறை எழுத்துக் கூட்டிப் பார்த்தார்கள். கைநாட்டு வைக்காமல் கையெழுத்துப் போட்டார்கள். அது சின்ன வித்தியாசம் அல்ல என்று எனக்குப் படுகிறது. எழுத்தர் எதை விட்டுவிட்டார் என்பது முதல்முறையாக அவர்களுக்குத் தெரிந்திருக்கிறது. வேலையைக் கெடுத்தது எஸ்.டி.டி. பூத். மீதியைச் செல்போன் முடித்துவைத்தது. 2013 ஜூலையில் தந்திச் சேவை நின்றபோது செய்தித்தாளெல்லாம் இரங்கல் எழுதின. கடிதம் எழுதிக் கொடுத்தவர்கள் வேலை இழந்தபோது யாரும் எழுதவில்லை. மும்பை தலைமை அஞ்சலகத்துக்கு எதிரே தார்ப்பாய் கட்டி உட்கார்ந்திருந்த எழுத்தர்களுக்குக்கூடப் பின்னாளில் பார்சலைத் துணியில் சுற்றித் தைத்துக் கொடுப்பதுதான் முக்கிய வருமானமாகிவிட்டது.

சித்தன்னவாசல் குன்றில் ஏழடிப்பட்டம் என்கிற சமணர் குகை இருக்கிறது. அதன் கல் படுக்கையில் இரண்டாயிரம் ஆண்டுப் பழமையான தமிழ்ப் பிராமி எழுத்து. இன்னாருக்காக இன்னார் இந்த இருக்கையைச் செய்தார் என்பது செய்தி. கீழே அறிவர் கோயிலில் ஒன்பதாம் நூற்றாண்டுக் கல்வெட்டு ஒன்று, பாண்டியன் ஸ்ரீமாறன் ஸ்ரீவல்லபன் காலத்தில் மதுரை ஆசிரியர் இளங்கௌதமன் அந்தக் கோயிலைப் புதுப்பித்ததைச் சொல்கிறது. பெற்றவர் பெயர் இருக்கிறது, கொடுத்தவர் பெயர் இருக்கிறது. உளி பிடித்து எழுத்தை வெட்டியவர் யார் என்பது இல்லை. "பேரைப் போடாதீங்க" என்ற பெரியவரின் கொள்கை இந்த வட்டாரத்துக்குப் புதிதில்லை போலிருக்கிறது.

டீக்கடைக்காரர் கேட்ட பட்டாவையும் பென்சனையும் பார்க்க, ஒரு திங்கள்கிழமை புதுக்கோட்டை ஆட்சியர் அலுவலகம் போனேன். மக்கள் குறைதீர்க்கும் நாள் கூட்டம். வெளியே மர நிழலில் பிளாஸ்டிக் நாற்காலி, மடியில் பரீட்சை அட்டை, முழு வெள்ளைத்தாள், கார்பன். மனு எழுதுபவர் ஐம்பது வயதுக்காரர், வெடுக்கென்று பேசுகிறவர். அவருக்கு எதிரே அன்னவாசல் பக்கத்துக் கிராமத்திலிருந்து வந்த ஒரு அம்மா.

அந்த அம்மாவின் கதை, கல்யாணமாகி அந்த ஊருக்கு வந்த நாளிலிருந்து தொடங்கியது. மாமனார், கிணறு, கமலை, பங்காளிச் சண்டை. எழுத்தர் பாதியில் கையைக் காட்டினார். "அதெல்லாம் சரி ஆத்தா, சர்வே நம்பர் என்ன?" விஷயம் இவ்வளவுதான்: 1979-இல் தொடங்கிய நில உடைமைப் பதிவு மேம்பாட்டுத் திட்டத்தின்போது, கணக்கில் கணவர் பெயருக்குப் பதிலாகப் பங்காளியின் பெயர் ஏறிவிட்டது. திட்டத்தின் ஆங்கிலப் பெயர்ச் சுருக்கத்தை வைத்து, ஜனங்கள் வாயில் இது 'யுடிஆர் தப்பு'. தமிழ்நாட்டில் ஆட்சியரிடம் போகும் நில மனுக்களைக் கிளறினால் இந்தத் தப்பு திரும்பத் திரும்ப வரும். அனுப்புநர், பெறுநர், பொருள், பார்வை என்று மளமளவென்று எழுதி, "ஐயா அவர்கள் சமூகம் கருணை கூர்ந்து" என்று முடித்து, நகல் யார் யாருக்கு என்றும் போட்டார். ஐம்பது ரூபாய். கமலை இறைத்த கிணறு மனுவில் இல்லை.

கூட வந்திருந்த மருமகள் பி.ஏ. படித்தவர். நீங்களே எழுதியிருக்கலாமே என்றேன். "எழுதலாம் சார். அவங்க ஏத்துக்கிற மாதிரி எழுதணும்ல?" என்றார். 2011 கணக்கெடுப்பில் மாவட்டத்தின் எழுத்தறிவு 77 சதவீதத்தைத் தாண்டிவிட்டது. பட்டதாரி வீட்டில் இருந்தும் மனுவுக்கு ஆள் தேட வேண்டியிருக்கிறது என்றால், கோளாறு அந்தப் பெண்ணின் படிப்பில் இல்லை. அலுவலகம் தனக்கென்று ஒரு தமிழ் வைத்திருக்கிறது. அது தெரிந்தவருக்கு ஐம்பது ரூபாய்.

இ-சேவை மையம் இதை மாற்றியிருக்கிறதா? வரிசை குறைந்திருக்கிறது, அது நிஜம். ஆனால் அங்கே கதை கேட்க ஆளே இல்லை. கட்டங்களை நிரப்பினால் போதும். அன்னவாசலில் ஒரு மையத்தில் கொஞ்சநேரம் நின்றேன். வயதான ஒருவருக்கு ஓடிபி வரவில்லை. ஆதாரில் இணைத்திருந்த எண் சிங்கப்பூரில் இருக்கும் மகனுடையது. மையத்துப் பையன் வாட்ஸ்அப்பில் மகனைக் கூப்பிட்டு, ஆறு இலக்கத்தை வாங்கிப் போட்டுவிட்டு வைத்துவிட்டான். கடல் தாண்டிய மகனோடு தொடர்புகொள்ள இன்னமும் ஒரு மூன்றாம் ஆள் தேவைப்படுகிறார். பேச்சு மட்டும் ஆறு இலக்கமாகச் சுருங்கியிருக்கிறது.

மனு எழுதுபவரைப் பற்றிப் பெரியவரிடம் சொன்னபோது அவருக்குக் கோபம் வந்தது. முடித்த பிறகு அந்த அம்மாவுக்குப் படித்துக் காட்டினாரா என்றுதான் முதலில் கேட்டார். காட்டவில்லை என்றேன். "அப்ப அது அந்தம்மா மனு இல்ல, அவரு மனு." அவர் காலத்தில் ஒட்டுவதற்கு முன் முழுக்கப் படித்துக் காட்டுவது கட்டாயம். "ஆமா, அதேதான் சொன்னேன்" என்று எதிரில் இருப்பவர் சொல்ல வேண்டும். மாமியாரை வெட்டிய வரியையும் சேர்த்தே சம்மதம் வாங்கியிருக்கிறார். அந்த எழுத்தரை நான் அவ்வளவு கடுமையாகக் குறை சொல்ல மாட்டேன். அவருக்கு முன்னால் வரிசை நிற்கிறது, கூட்டம் முடிவதற்குள் எல்லோரும் உள்ளே போக வேண்டும். பெரியவருக்குச் சாயங்காலம் முழுக்க இருந்தது.

சில மாவட்டங்களில் ஆட்சியர் அலுவலக வாசலிலேயே தன்னார்வலர்களை உட்காரவைத்து இலவசமாக மனு எழுதிக் கொடுக்கிறார்கள். எல்லா மாவட்டத்திலும், திங்கள்தோறும், தவறாமல் அது நடக்க வேண்டும். ஓய்வுபெற்ற ஆசிரியர்களும் கிராம நிர்வாக அலுவலர்களும் இல்லாத தாலுகா தமிழ்நாட்டில் கிடையாது. அதுவரை, மனு கொடுக்கப் போகிறவர்களுக்கு ஒன்று. ஆட்சியரிடம் மனு கொடுக்கக் கட்டணம் இல்லை, அச்சடித்த படிவமும் கட்டாயமில்லை. வெள்ளைத்தாளில் உங்கள் தமிழிலேயே எழுதலாம். பெயர், முகவரி, போன் நம்பர், நில விவகாரம் என்றால் சர்வே எண், உங்களுக்கு என்ன வேண்டும் என்பது ஆகியவை தெளிவாக இருந்தால் போதும். வேறொருவர் எழுதிக் கொடுத்தால், கையெழுத்துப் போடுவதற்கு முன் முழுக்கப் படித்துக் காட்டச் சொல்லுங்கள். ஒரு நகலை வைத்துக்கொள்ளுங்கள். உள்ளே கொடுத்ததும் மனு எண் போட்ட ஒப்புகைச் சீட்டைக் கேட்டு வாங்காமல் வெளியே வராதீர்கள்.