சத்தம் போடும் மூட்டு

கார் வைத்திருக்கும் நண்பர்களுக்கு, அதிலும் வண்டிக்குப் பத்து வயது தாண்டியவர்களுக்கு இந்தப் பதிவு. கொஞ்சம் நீளம்தான். பொறுமையாகப் படித்துவிடுங்கள்.

எஞ்சினில் ஆயில் பிரஷர் குறைந்தால் டேஷ்போர்டில் சிவப்பு விளக்கு எரியும். பேட்டரி சார்ஜ் ஏறாவிட்டாலும் விளக்கு எரியும். கதவு சரியாகச் சாத்தவில்லை என்றால்கூட இப்போது வரும் வண்டிகள் சொல்லிவிடுகின்றன. ஆனால் முன்சக்கரத்தை வண்டியோடு பிடித்து வைத்திருக்கும் பால் ஜாயிண்ட் தேய்ந்தால் எந்த விளக்கும் எரியாது. அது சத்தம் மட்டும்தான் போடும். அந்தச் சத்தம் எங்கிருந்து வருகிறது என்று யாராவது வண்டியைத் தூக்கிப் பார்த்தால்தான் உண்டு.

பால் ஜாயிண்ட் என்றால் என்ன? முப்பது வருடத்துக்கு மேல் அறிவியல் பாடம் எடுத்தவன் என்பதால் எனக்குச் சொல்வது சுலபம். நம் இடுப்பில் இருக்கும் பந்து கிண்ண மூட்டு எல்லோரும் படித்ததுதான். தொடை எலும்பின் தலை பந்து மாதிரி, இடுப்பெலும்பில் இருக்கும் குழி கிண்ணம் மாதிரி. அதனால்தான் காலை முன்னே பின்னே, பக்கவாட்டில், சுழற்றியும் ஆட்ட முடிகிறது. முழங்கால் மூட்டில் இது முடியாது. அது கதவுக் கீல் மாதிரி.

காரின் முன்சக்கரத்துக்கும் இதே தேவைதான். பள்ளத்தில் இறங்கினால் சக்கரம் மேலும் கீழும் போய்வர வேண்டும். அதே நேரம் ஸ்டீயரிங்கைத் திருப்பினால் இடமும் வலமும் திரும்ப வேண்டும். இரண்டு அசைவையும் ஒரே இடத்தில் தருவது பால் ஜாயிண்ட். சக்கரத்தைத் தாங்கும் இரும்பை மெக்கானிக்குகள் நக்கிள் என்பார்கள். அடியில் குறுக்காக வரும் கை லோயர் ஆர்ம். இரண்டும் சேரும் இடத்தில் எலுமிச்சம்பழத்தைவிடச் சின்னதாக ஓர் இரும்பு உருண்டை, அதைச் சுற்றி வழுவழுப்பான பிளாஸ்டிக் உறை, கொஞ்சம் கிரீஸ், மேலே ஒரு ரப்பர் பூட். அவ்வளவுதான் மொத்தச் சமாச்சாரமும்.

இந்த ரப்பர் பூட்தான் உயிர்நாடி. அது கிழியாதவரை உருண்டை வருடக்கணக்கில் உழைக்கும். கிழிந்துவிட்டால் உள்ளே தூசியும் தண்ணீரும் போகும். கிரீஸோடு மணல் சேர்ந்தால் அது உப்புத்தாள் போட்டுத் தேய்க்கிற மாதிரி. நம் பக்கத்து மண்ணைச் சொல்ல வேண்டியதில்லை. வேடசந்தூர் பக்கமோ நத்தம் பக்கமோ கிராமத்துச் சாலையில் பத்து நாள் ஓட்டினால் வண்டியின் அடிவயிறு முழுக்கச் செம்மண்தான். பெயின்ட் அடிக்காத வேகத்தடைகள் வேறு.

இனி என் வண்டி விஷயத்துக்கு வருகிறேன். பதின்மூன்று வயதான சின்னக் கார். சின்னாளபட்டி, செம்பட்டி, ஒட்டன்சத்திரம் என்று பெரும்பாலும் உள்ளூர் ஓட்டம். எப்போதாவது சிறுமலை. மார்ச் மாதத்திலிருந்து இடது முன்பக்கம் வேகத்தடையில் மெதுவாக இறங்கும்போது ‘டொக்’ என்று ஒரு சத்தம். நின்ற இடத்தில் ஸ்டீயரிங்கைத் திருப்பினால் பழைய கட்டில் முனகுவது போல இன்னொரு சத்தம். இடது டயரின் உள்விளிம்பு மட்டும் தேய்ந்திருந்தது. அலைன்மெண்ட் பார்க்கும் கடையில், “சார், ஒவ்வொரு தடவை மெஷின்ல போடும்போதும் வேற வேற ரீடிங் காட்டுது” என்றார் அந்தத் தம்பி. அது நல்ல தடயம் என்று பின்னால்தான் விளங்கியது. மூட்டு ஆடும்போது சக்கரம் ஒரே இடத்தில் நிற்காது. நிற்காத சக்கரத்தை அளந்து என்ன பயன்?

ஒரு பெரிய சர்வீஸ் சென்டரில் காட்டினேன். பெயர் வேண்டாம். வண்டியை ஒரு சுற்று ஓட்டிப் பார்த்துவிட்டு ஒரு தாள் கொடுத்தார்கள். ஸ்டீயரிங் ராக், இரண்டு ஷாக் அப்சார்பர், இரண்டு லோயர் ஆர்ம், லிங்க் ராடுகள். மொத்தம் நாற்பத்தோராயிரம் ரூபாய். “இதில் எது தேய்ந்திருக்கிறது?” என்று கேட்டேன். “எல்லாத்துக்குமே வயசாயிடுச்சு சார்” என்றார்கள். வயது எனக்கும்தான் ஆகிவிட்டது. அதற்காக எல்லா உறுப்பையும் மாற்றவா முடியும்?

இன்னொரு கடையில் நேர் எதிரான வைத்தியம். ஊசி வழியாக ரப்பர் பூட்டுக்குள் கிரீஸ் ஏற்றிவிடலாம், இருநூறு ரூபாய், சத்தம் நின்றுவிடும் என்றார்கள். சத்தம் நிற்கும் என்பது உண்மைதான். ஆனால் தேய்ந்த உருண்டை வளராது. கிண்ணத்தில் விழுந்த இடைவெளி குறையாது. நமக்கு இருந்த ஒரே எச்சரிக்கையின் வாயை மட்டும் அடைத்துவிடுவோம். வேண்டாம் என்று வந்துவிட்டேன்.

அப்போது வீட்டில் ஓர் அவசரம் இருந்தது. மகளும் மருமகனும் பிள்ளைகளோடு கோடை விடுமுறைக்கு வந்திருந்தார்கள். ஞாயிற்றுக்கிழமை வத்தலக்குண்டு வழியாகக் கொடைக்கானல் போவதாக ஏற்பாடு. நடுவில் நான்கு நாள். “சத்தம்தானே, போயிட்டு வந்து பாத்துக்கலாம் மாமா” என்றார் மருமகன். நான் பேகம்பூர் பக்கம் பட்டறை வைத்திருக்கும் பாயிடம் போனேன்.

பாய் சாவியை வாங்கவே இல்லை. முதலில் ஜாக்கியையும் ஸ்டாண்டையும் எடுத்து வரச் சொன்னார். பிறகு அவர் செய்ததை வரிசையாகச் சொல்கிறேன். உங்கள் மெக்கானிக் இப்படிச் செய்கிறாரா என்று பார்த்துக்கொள்ளுங்கள்.

சேஸிஸில் ஜாக்கி கொடுத்து முன்சக்கரத்தைத் தொங்க விட்டார். பக்கத்திலேயே ஸ்டாண்டு வைத்தார். ஜாக்கியை மட்டும் நம்பி அடியில் கை விடுவதில்லை. முதலில் சக்கரத்தின் இடது வலது விளிம்புகளை, கடிகாரத்தில் ஒன்பது மணி மூன்று மணி இருக்கும் இடத்தை, பிடித்து ஆட்டினார். ஆட்டம் இல்லை. “டை ராட் எண்ட், ராக் ரெண்டும் நல்லாருக்கு சார்.” தாளில் இருந்த பெரிய தொகை அந்த இடத்திலேயே கழன்றது.

அடுத்து பன்னிரண்டு மணி, ஆறு மணி இருக்கும் இடத்தைப் பிடித்து ஆட்டினார். ‘டக் டக்’ என்றது. இங்கேதான் பலரும் குழம்புகிறார்கள். இந்த ஆட்டம் வீல் பேரிங்கிலும் வரலாம், பால் ஜாயிண்டிலும் வரலாம். பாய் என்னை உள்ளே உட்காரச் சொல்லி, “பிரேக்கை அமுக்கிப் பிடிங்க வாத்தியாரே” என்றார். மறுபடி ஆட்டினார். ஆட்டம் அப்படியே இருந்தது. காரணம் எளிது. பிரேக் பிடித்தால் சக்கரமும் நக்கிளும் ஒன்றாகப் பூட்டிக்கொள்ளும். பேரிங்கில் குறை இருந்தால் அப்போது ஆட்டம் மறைந்துவிடும். மறையவில்லை என்றால் குறை நக்கிளுக்கு அப்பால், அதாவது ஜாயிண்டில். ஒரு மாறியை நிறுத்திவைத்து மற்றதைச் சோதிப்பது என்று வகுப்பில் சொல்லிக்கொடுப்போமே, அதேதான்.

கடைசியாக லோயர் ஆர்முக்கும் நக்கிளுக்கும் நடுவில் நீளமான லிவரைக் கொடுத்து நெம்பினார். பையனை டார்ச் அடிக்கச் சொல்லி என்னைக் குனிந்து பார்க்கச் சொன்னார். உருண்டையின் தண்டு கண்ணுக்குத் தெரிய மேலே ஏறி இறங்கியது. ரப்பர் பூட் ஒரு பக்கம் கிழிந்து, உள்ளே கிரீஸ் இருந்த இடத்தில் சிவப்புச் சேறு. வலது பக்கத்தில் பூட் வெடித்திருந்தது, ஆட்டம் இன்னும் வரவில்லை. ஷாக் அப்சார்பரில் ஆயில் கசிவு இல்லை. மொத்தம் இருபது நிமிடம்.

இன்னொன்றும் சொன்னார். எல்லா வண்டிக்கும் ஒரே மாதிரி தூக்கக் கூடாது. 1983 டிசம்பரில் வந்த மாருதி 800 முதல் இன்றைய சின்னக் கார்கள் வரை பெரும்பாலானவற்றில் முன்பக்கம் மெக்பெர்சன் ஸ்ட்ரட் என்ற அமைப்பு. அதில் பளு ஸ்பிரிங் வழியாக நேராக நக்கிளுக்கு இறங்கிவிடும். சக்கரத்தைத் தொங்கவிட்டுப் பார்த்தால் போதும். இன்னோவா போன்ற வண்டிகளில் மேலே ஒரு கை, கீழே ஒரு கை, ஸ்பிரிங் கீழ்க்கையின் மேல். அங்கே ஜாக்கியை லோயர் ஆர்முக்கு அடியில் வைத்துத் தூக்கினால்தான் ஜாயிண்டின் மேல் உள்ள பளு விலகி ஆட்டம் வெளியே தெரியும். இல்லாவிட்டால் தேய்ந்த ஜாயிண்டும் நல்லது போலவே நடிக்கும்.

“பாய், ஞாயித்துக்கிழமை கொடைக்கானல் போகணும். தாங்குமா?” என்று கேட்டேன்.

“டவுனுக்குள்ள மெதுவா வீட்டுக்குப் போங்க. மலைக்கு இதுல போகாதீங்க. உருண்டை கிண்ணத்தவிட்டு வெளிய வந்துச்சுன்னா சக்கரம் வெளிப்பக்கமாச் சாஞ்சு படுத்துரும். ஸ்டீயரிங் உங்க கையில இருக்கும், வண்டி கேக்காது.”

இது மெக்கானிக் பயமுறுத்துவது அல்ல. 2005-இல் அமெரிக்காவில் டொயோட்டா நிறுவனம் சுமார் ஏழரை லட்சம் வண்டிகளை இதே லோயர் பால் ஜாயிண்டுக்காகத் திரும்ப அழைத்தது. தயாரிக்கும்போது உருண்டையின் மேல் விழுந்த கீறல்தான் காரணம். ஒரு கீறலுக்கே அந்த நடவடிக்கை என்றால், கிழிந்த பூட்டோடு செம்மண்ணில் ஓடும் ஜாயிண்டை என்ன சொல்வது?

என் வண்டியில் பால் ஜாயிண்ட் ஆர்மோடு சேர்ந்தே வருகிறது. சில வண்டிகளில் போல்ட் போட்டும், சிலவற்றில் பிரஸ்ஸில் அழுத்தியும் தனியாக மாற்றலாம். எப்படியானாலும் பழைய கிண்ணத்தைச் சுத்தியலால் தட்டி இறுக்குவது, வெல்டிங் வைப்பது ஆகியவற்றுக்கு ஒப்புக்கொள்ளாதீர்கள். மறுநாள் மதுரையிலிருந்து இரண்டு ஆர்ம்களும் வந்தன. பெட்டியின் சீலை என் முன்னால்தான் பாய் பிரித்தார். இந்தச் சாமானில் போலி நிறைய ஓடுகிறது என்பார்.

வேலையைக் கூடவே இருந்து பார்த்தேன். வீல் நட்டுகளை வண்டி தரையில் நிற்கும்போதே தளர்த்திக்கொண்டார். நக்கிளில் தண்டைக் கவ்வியிருக்கும் போல்ட்டை முழுதாக உருவினார். அந்த போல்ட் தண்டின் காடி வழியாகப் போவதால் பாதி தளர்த்தினால் தண்டு வராது. துரு பிடித்திருந்ததால் ஸ்பிரே அடித்து ஒரு டீ குடிக்கும் நேரம் விட்டார். பிறகு ஆர்மைக் கீழே நெம்பினார், கழன்றது. பழைய ஆர்மின் தண்டை விரலால் தொட்டால் தொளதொளவென்று சாய்ந்தது. புதியதை அசைக்க இரண்டு கையும் தேவைப்பட்டது. இரண்டையும் மருமகனிடம் கொடுத்து ஆட்டிப் பார்க்கச் சொன்னேன். அதன்பிறகு அவர் “சத்தம்தானே” என்று சொல்லவில்லை.

முக்கியமான ஒரு நுணுக்கம். ஆர்மின் மறுமுனையில் ரப்பர் புஷ் இருக்கிறது. அந்த போல்ட்டை வண்டி அந்தரத்தில் நிற்கும்போது கடைசி இறுக்கம் இறுக்கக் கூடாது. சக்கரம் மாட்டி, வண்டியைத் தரையில் இறக்கி, பளு முழுக்க உட்கார்ந்த பிறகுதான் இறுக்க வேண்டும். தொங்கும் நிலையில் இறுக்கினால் இறக்கியதும் ரப்பர் முறுக்கிக்கொண்டே நிற்கும். சீக்கிரம் கிழிந்துவிடும். அவசரக்காரர்கள் விடுவது இந்த ஒரு படிதான். எல்லாம் முடிந்ததும் அலைன்மெண்ட். இந்த முறை மெஷின் ஒரே ரீடிங்கைக் காட்டியது.

இரண்டு ஆர்ம், வேலை, அலைன்மெண்ட் எல்லாம் சேர்த்து ஐயாயிரத்து எண்ணூறு ரூபாய். ஞாயிறு காலை கொடைக்கானல் போய்வந்தோம்.

நண்பர்கள் கவனிக்க வேண்டியது இன்னொன்றும் உண்டு. வாடகை வண்டிகளுக்கு எட்டு வருடம் வரை இரண்டு வருடத்துக்கு ஒரு முறை, அதற்குப் பிறகு வருடா வருடம் எஃப்.சி. காட்ட வேண்டும். சொந்தக் காருக்குப் பதிவு செய்த நாளிலிருந்து பதினைந்து வருடம் யாரும் அடியில் குனிந்து பார்க்க வேண்டும் என்ற கட்டாயம் இல்லை. நாமாகப் பார்த்தால்தான் உண்டு. ஆகவே ஒவ்வொரு சர்வீஸிலும் “நாலு பூட்டையும் டார்ச் அடிச்சுக் காட்டுங்க” என்று கேளுங்கள். லோயர் ஆர்மில் இரண்டு, டை ராட் எண்டில் இரண்டு. வேகத்தடையில் டொக் சத்தம், ஒரு டயரில் மட்டும் ஓர விளிம்புத் தேய்மானம், நேர்ச்சாலையில் வண்டி அலைவது, இவற்றில் எது தெரிந்தாலும் நெடும்பயணத்துக்கு முன் வண்டியைத் தூக்கிப் பார்த்துவிடுங்கள்.

முதல் நாள் பார்த்த அந்த இருபது நிமிடத்துக்குப் பாய் பணம் வாங்கவில்லை. “பாத்ததுக்கு எதுக்கு சார் காசு?” என்றார். நான் வற்புறுத்தித்தான் கொடுத்தேன். டாக்டர் மருந்தே எழுதாமல் அனுப்பினாலும் ஃபீஸ் கொடுத்துவிட்டு வருகிறோம். மெக்கானிக்குக்கு மட்டும் சாமான் மாற்றினால்தான் காசு. பிறகு “எதையெடுத்தாலும் மாத்தச் சொல்றான்” என்று அவரையே குறை சொல்கிறோம். பார்ப்பதற்குக் கூலி இல்லாத ஊரில் யார் குனிந்து பார்ப்பார்கள்? அடுத்த முறை உங்கள் மெக்கானிக் டார்ச்சோடு வண்டிக்கு அடியில் போய்விட்டு வந்து “ஒண்ணுமில்ல சார், நல்லாருக்கு” என்று சொன்னால், அந்த வார்த்தைக்குக் காசு கொடுங்கள்.