கசிவின் ஊற்றுக்கண்

குளுவாங் நகரின் சிறு பட்டறை ஒன்றில் பழைய காரொன்று நின்றது. உரிமையாளர் முன்னாள் தோட்டத் தொழிலாளி. ஏறத்தாழ 100 கிலோமீட்டர் தொலைவில், ஸ்கூடாயிலுள்ள மலேசியத் தொழில்நுட்பப் பல்கலைக்கழகத்தில் மகளை மறுநாள் சேர்க்கவேண்டும். எஞ்சினின் அடியிலோ எண்ணெய் சொட்டிக்கொண்டிருந்தது. கியர்ப்பெட்டியை இறக்கிப் பின்முனைச் சீலை மாற்றவேண்டுமென வேறோரிடத்தில் கூறியிருந்தனர். அச்செலவுக்கு மகளின் கட்டணப் பணத்திலேதான் கைவைக்க வேண்டியிருந்தது.

முதிய பட்டறைக்காரர் ஸ்பேனரை எடுக்கவில்லை. மின்பகுதிகளை மூடிவிட்டு, ஆறிய எஞ்சினைக் கழுவித் துடைத்தார். உலர்ந்தபின் முகப்பவுடரைத் தூவினார். பத்து நிமிடம் ஓடவிட்டு நிறுத்தி, விளக்கொளியில் மேலிருந்து கீழாக நோக்கினார். வால்வு மூடியின் பின்விளிம்பில் தொடங்கிய கருங்கோடொன்று கீழிறங்கிச் சீலின் அருகே சொட்டாகத் திரண்டது.

சொட்டும் இடம் வேறு. கசியும் இடம் வேறு!

வெப்பத்தால் இறுகிப்போன ரப்பர் கேஸ்கெட்டை மாற்றினார். எஞ்சினுள் அழுத்தம் மிகுந்தால் புதிய கேஸ்கெட்டும் கசியும். ஆதலின் அடைபட்டிருந்த ஆவிக்குழாயையும் துப்புரவாக்கினார். மிகையாக முறுக்கினால் கேஸ்கெட் நசுங்குமென்று போல்ட்டுகளை அளவோடு முடுக்கினார். அளவுகோலைப் பார்த்துக் குறைந்த எண்ணெயை நிரப்பினார்.

மறுநாட் காலை, கார் நின்ற தரை உலர்ந்திருந்தது. தந்தையும் மகளும் புறப்பட்டனர்.

ஆறாம் ஆண்டு மாணவனின் ஏட்டில் காணும் பிழைக்கும் இரண்டாம் ஆண்டிலே ஊற்றுக்கண் இருக்கலாம். சிவப்பு மையால் சுழிப்பது எளிது. தொடங்கிய இடத்தைத் தேடிச் சீர்செய்வதே ஆசிரியப் பணி.